குர்லாவின் தவக்காலம்

இருதயமேரியின் வீட்டு ஏணிக்கு ஒன்பது படிகள். தாராவி தொண்ணூறடிச் சாலையிலிருந்து உள்ளே இரண்டு சந்து திரும்பினால், கீழே தோல்பைப் பட்டறை, மேலே அவர் குடியிருக்கும் ஒற்றை அறை. இரண்டுக்கும் நடுவே, வெளிச்சுவரில் சாத்தி அடித்த இரும்பு ஏணி. ஒவ்வொரு கம்பியின் மேலும் உள்ளங்கை அகலத்துக்குத் தகடு வைத்துப் பற்றவைத்திருக்கிறது. மனிதர்களுக்கு அந்தத் தகடு தேவையில்லை. அது குர்லாவுக்காக வைத்தது.

குர்லா ஒரு நாய். எடை முப்பத்தாறு கிலோ. லேப்ரடார் உடம்பு, தெருநாய்க் காது, வெல்ல நிறம். பத்து வயது முடிந்து பதினொன்று நடக்கிறது. அந்த ஒன்பது படிகளையும் ஒரு நாளைக்கு நான்கு தடவை ஏறி இறங்கிக்கொண்டிருந்தவன், ஜனவரி மாதம் ஒரு காலையில் முன்னங்கால் இரண்டையும் மூன்றாவது தகட்டில் வைத்தான். பின்னங்கால் வரவில்லை. மெதுவாக இறங்கிக்கொண்டான். மேலே பார்த்தான். மேலே நின்றிருந்த இருதயமேரி கீழே பார்த்தார். அன்றிலிருந்து குர்லா பட்டறை வாசலில்தான் படுக்கிறான். அறுபத்தொரு வயது இருதயமேரி, தன் முழங்காலையும் சோற்றுத் தட்டையும் ஒன்றாகப் பிடித்துக்கொண்டு இறங்கி வருகிறார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மகன் டென்சில் வந்தான். மனைவி ஜெனியோடு கோபர்கைரனேயில் இருக்கிறான். கூரியர் கம்பெனியில் சூப்பர்வைசர். ஏணியடியில் படுத்திருந்த குர்லாவைத் தாண்டி மேலே வந்து, தண்ணீர்கூடக் குடிக்காமல் விஷயத்தைச் சொன்னான்.

"எம்மா, ரூம் ஓனர் எனக்கு போன் பண்ணிட்டான். மே முப்பத்தொண்ணு லாஸ்ட். கட்டடத்த இடிக்கப் போறாங்களாம். பேசாம எங்கூட வந்துரு."

"குர்லாவ?"

டென்சில் இந்தக் கேள்விக்குத் தயாராகத்தான் வந்திருந்தான். "நாலாவது மாடி. லிஃப்ட் கிடையாது. அப்பா இருந்தா மூட்ட மாதிரி தோள்ல போட்டுட்டுப் போயிருவாரு. எனக்கு டிஸ்க் ப்ராப்ளம் இருக்கு. இந்த உருப்படிய தினம் மூணு வாட்டி யாரு தூக்குவா? நீயா?"

"அவன் ஏறுவான்."

"இந்த ஏணியே ஏறல! அரே, ஏறுனா கூட்டிட்டு வா, நான் வேணாங்கல. ஆனா தானா ஏறணும். அப்புறம் இந்த முடி. ஜெனிக்கு வீசிங் இருக்குன்னு தெரியும்லா. இவன் ஒரு தடவ ஒடம்ப ஒதறுனான்னா ஒரு தலகாணிக்குப் பஞ்சு."

"ஏறலன்னா?"

"பன்வேல் பக்கம் வயசான நாய்ங்கள வச்சுக்கிற எடம் ஒண்ணு இருக்கு. நல்லா பாத்துப்பாங்கம்மா."

"அவ்வளவு நல்லா இருந்தா நீ போயி நாலு நாள் இருந்துட்டு வால."

டென்சில் சிரித்துவிட்டான். ஆனால் சொன்னதை மாற்றிக்கொள்ளவில்லை. கால், முடி, மே முப்பத்தொன்று. இந்த மூன்றும் இருதயமேரியின் தலையில் ஏறி உட்கார்ந்துகொண்டன.

குர்லா வந்த கதையைச் சந்தில் எல்லோரும் சொல்வார்கள். இருதயமேரியின் கணவர் ஞானசேகரன் கீழ்ப் பட்டறையில் தோல் வெட்டுகிறவர். முப்பத்தோரு வருடம் அதே பலகை, அதே கத்தி. பைக்கு வேண்டிய ஜிப் சுருள்களை வாங்கப் பக்கத்து வட்டாரமான குர்லாவுக்குப் போவார். ஒரு மழைக்கால மாலையில் ஜிப் மூட்டையைப் பட்டறையில் அவிழ்த்தபோது, சுருள்களுக்கு நடுவே கைக்குட்டை அளவில் ஒரு குட்டி உறங்கிக்கொண்டிருந்தது. ஸ்டேஷன் பாலத்துக்குக் கீழே தண்ணீரில் நின்றதாம். தாய் தெருநாய். ரயில்வே குடியிருப்பில் கட்டிப்போட்ட லேப்ரடார்தான் தகப்பன் என்று டீக்கடைக்காரர் சாட்சி சொல்லியிருக்கிறார்.

"என்ன பேரு வைக்க?" என்று கேட்ட மனைவியிடம், "எங்கேருந்து வந்தானோ அதான் பேரு. உவரியிலேருந்து வந்தவளுக்கு உவரின்னு வச்சிருந்தா நல்லாத்தான் இருந்திருக்கும்" என்றார் அவர். இருதயமேரி இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் குட்டிக்குப் பால் காய்ச்சினார்.

ஏணித் தகடுகளை ஞானசேகரன்தான் வைத்தார். ஏறப் பழக்கியதும் அவரே. மேலே வாசலில் உட்கார்ந்துகொண்டு, கையில் கிடந்த செம்பு மோதிரத்தால் ஏணிக் கைப்பிடியில் இரண்டு தட்டுத் தட்டுவார். டங், டங். அவ்வளவுதான். வாவென்று கூப்பிடுவதில்லை, சீட்டி கிடையாது. குட்டி தட்டுத்தடுமாறி ஏறிவிடும். பின்னாளில் சந்தின் கடைசியில் படுத்திருந்தாலும் அந்த இரண்டு தட்டுக்கு ஓடிவந்துவிடுவான். பட்டறை மிஷின்கள் எட்டும் ஓடும்போதுகூட அது அவன் காதுக்கு மட்டும் கேட்கும்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வரும் வழியில் ஞானசேகரன் வாசிமின் கோழிக்கடையில் நிற்பார். யாரும் வாங்காத கோழிப் பாதங்களை வாசிம் தனியாக எடுத்து வைத்திருப்பார். வீட்டில் அதற்கென்று ஒரு கரிப்பிடித்த குக்கர் இருந்தது. நகங்களை வெட்டி எறிந்துவிட்டு, மஞ்சள்தூள் போட்டு, பன்னிரண்டு விசில். உப்பு கிடையாது. ஆறியதும் எலும்புகளை ஒன்றுவிடாமல் பொறுக்கிப் போட்டுவிட்டு, கூழ் மாதிரித் திரண்டதை எடுத்து வைத்து நான்கு நாள் சோற்றில் பிசைந்து கொடுப்பார். மிச்ச நாட்களில் மத்தி மீன் தலையும் வாலும் வேகும். அந்த வருடங்களில் குர்லாவின் முதுகில் வெயில் பட்டால் பாலிஷ் போட்ட செருப்பு மாதிரி மின்னும். பட்டறைக்கு வந்த வியாபாரி ஒருவர், "இந்தத் தோல் என்ன ரகம்?" என்று விளையாட்டாகக் கேட்க, ஞானசேகரன் கத்தியைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நின்றாராம். வியாபாரி அன்றைக்கு ஆர்டர் கொடுக்காமலே போய்விட்டார்.

ஞானசேகரன் இறந்து இரண்டு வருடம் ஆகிறது. பலகையில் சாய்ந்தவர் எழுந்திருக்கவில்லை. அதன்பின் இருதயமேரி கரிப்பிடித்த குக்கரைப் பரண் மேல் ஏற்றிவிட்டார். ஞாயிற்றுக்கிழமை மீன் நின்றது. இரவில் ரேடியோ நின்றது. ஒரு ஆளுக்கு என்ன சமையல் என்று காலையில் நாலு இட்லி வாங்கி மதியத்துக்கும் வைத்துக்கொண்டார். குர்லாவுக்குச் சந்துக்காரர்கள் இரக்கப்பட்டு பிஸ்கட் போட்டார்கள். எஜமானைப் பறிகொடுத்த நாய் அல்லவா? பத்து வாசல், ஒரு வாசலுக்கு இரண்டு வேளை. துக்கம் விசாரித்தே அவனை ஒன்பது கிலோ ஏற்றிவிட்டார்கள்.

பிப்ரவரி கடைசித் திங்கட்கிழமை இருதயமேரி குர்லாவை சயான் வரை நடத்திக் கூட்டிப்போய், மூன்று ரிக்ஷாக்காரர்கள் முடியாதென்று சொல்ல, நான்காவது ரிக்ஷாவில் ஏற்றி செம்பூருக்குப் போனார். அங்கே டாக்டர் சஃப்ரீன் ஒரு சின்ன விலங்கு மருத்துவமனை நடத்துகிறார். குடும்பத்துக்கு மேலப்பாளையம் பூர்வீகம், அவர் பிறந்தது வளர்ந்தது எல்லாம் செம்பூர். குர்லாவின் இடுப்பை அழுத்திப் பார்த்தார், எக்ஸ்ரே எடுத்தார், தராசில் ஏற்றினார். முதுகில் கையை ஓட்டி, உள்ளங்கையைத் திருப்பிக் காட்டினார். உள்ளங்கை முழுக்க வெல்ல நிற முடி.

"லேப்ரடார் ரத்தம் கலந்தா இடுப்புல இந்தக் கோளாறு வரும்மா. மூட்டு தேஞ்சிருக்கு. தோலும் வறண்டு போயிருக்கு. என்ன சாப்புடுறான்?"

"பிஸ்கட்."

"அப்புறம்?"

"வேற பிஸ்கட்."

டாக்டர் பேனாவை வைத்துவிட்டார். அதற்கு முன்னால் என்ன தின்றான் என்று கேட்டார். இருதயமேரி கோழிப் பாதக் கதையைச் சொன்னார். மத்தித் தலையைச் சொன்னார்.

"உங்க வீட்டுக்காரர் யாரு, வெட்னரியா?"

"தோலு வெட்டுறவரு."

"நான் இப்ப எழுதப்போற மாத்திரைல இருக்கற சாமானத்துல முக்காவாசி அவர் குக்கர்லயே இருந்திருக்கு. குருத்தெலும்புச் சத்து, மீன் எண்ணெய். ரெண்டு வருஷமா ரெண்டுமே இல்ல." பிறகு சொன்னார்: "நெஜத்த சொல்லிடறேம்மா, இது மந்திரம் கெடையாது. சில நாய்க்கு நல்லா கேக்கும், சிலதுக்கு ஒண்ணும் தெரியாது. எட்டு வாரமாவது விடாம குடுத்தாத்தான் கேக்குதா இல்லையான்னே சொல்ல முடியும். மொதல்ல வெயிட்டக் கொறைங்க. பிஸ்கட் கலாஸ், இனி ஒண்ணுகூட கெடையாது. வலிக்குதேன்னு மனுஷங்க போடற வலி மாத்திரைய மட்டும் குடுத்துறாதீங்க, கிட்னிய எடுத்துரும்."

"இத நான் போட்டுக்கலாமா? எனக்கும் முட்டு வலிதான்."

"உங்களுக்கு உங்க டாக்டர். இவனுக்கு நான்."

தட்டை மாத்திரை ஒரு டப்பா, மீன் எண்ணெய்க் குளிகை ஒரு டப்பா. நாய்க்கு மாத்திரை கொடுப்பது கஷ்டம் என்று எல்லோரும் சொன்னார்கள். இருதயமேரிக்கு அது ஒரு வேலையே இல்லை. மாட்டுங்காவில் ஒரு நர்சரிப் பள்ளியில் இருபத்திரண்டு வருடம் ஆயாவாக இருந்தவர். மருந்துக்கு வாயைத் திறக்காத எத்தனையோ பிள்ளைகளைப் பார்த்தவர். இட்லியை மூன்று உருண்டையாக உருட்டுவார். முதல் உருண்டை வெறும் இட்லி. இரண்டாவதற்குள் மாத்திரை. இரண்டாவது வாயில் இருக்கும்போதே மூன்றாவதைக் கண்முன் காட்ட வேண்டும். மூன்றாவதைப் பிடிக்கிற அவசரத்தில் இரண்டாவது உள்ளே போய்விடும். முக்கியமாக, கொடுக்கும்போது முகத்தைப் பார்க்கக் கூடாது. "பாத்தா புரிஞ்சிக்கிருவானுவ" என்பார். குர்லாவுக்கும் அதேதான்.

ஒன்பது நாள் சரியாகப் போனது. பத்தாம் நாள் சாம்பல் புதன்.

தவக்காலம் நாற்பது நாளும் இருதயமேரியின் வீட்டில் கவிச்சி கிடையாது. மீன் கிடையாது, கறி கிடையாது, முட்டை கிடையாது. உவரிக் கடற்கரையில் அவர் அம்மா இருந்த மாதிரியே. ஞானசேகரனும் அப்படித்தான். குர்லா வந்த முதல் வருடம், சாம்பல் புதன் காலையில் குட்டிக்கு மீன் தலை வேகவைக்கலாமா என்று இருதயமேரி கேட்டபோது, நெற்றிச் சாம்பலோடு உட்கார்ந்திருந்த ஞானசேகரன், "நம்ம பானைச் சோத்தத்தான திங்கான்? நம்ம கூட அவனும் நோன்பு இருக்கட்டும்" என்றார். பாதி வேடிக்கையாகத்தான் சொன்னார். ஆனால் சொன்னது சொன்னதுதான் என்று ஆகிவிட்டது. ஒவ்வொரு தவக்காலமும் குர்லாவுக்கு மோர்ச்சோறும் பருப்பும். ஈஸ்டர் பண்டிகையான உயிர்ப்பு ஞாயிறு காலையில் கறி வெந்ததும், ஞானசேகரன் தன் தட்டில் போட்ட முதல் துண்டை ஆறவைத்து, எலும்பு நீக்கி, வாசலில் உட்கார்ந்து இரண்டு தட்டுத் தட்டுவார். வீட்டில் முதல் கறி குர்லாவுக்குத்தான். அவன் தின்று முடித்த பிறகுதான் மனிதர்கள் கை வைப்பார்கள். நாற்பது நாளும் முகம் சுளிக்காமல் இருந்தவனுக்கு அந்த மரியாதை.

ஒவ்வொரு வருடமும் அந்த மாதத்தில் குர்லாவுக்கு முடி கொட்டும். வெயில் காலம், கொட்டத்தான் செய்யும் என்று இருவரும் நினைத்துக்கொண்டார்கள்.

இந்த வருடம் சாம்பல் புதன் அன்று இருதயமேரி இரண்டு டப்பாவையும் எடுத்து வைத்துக்கொண்டு யோசித்தார். குளிகையைச் சந்தேகப்பட வேண்டியதில்லை. மூடியைத் திறந்தாலே உவரிக் கரை மணக்கிறது. தட்டை மாத்திரை? டென்சிலை வீடியோவில் கூப்பிட்டு டப்பாவைக் காட்டினார்.

"என்னல போட்டிருக்கு இதுல?"

"கிட்ட காட்டு. இன்னும் கிட்ட. எறா ஓடு, நண்டு ஓடு... அப்புறம் மாட்டுக் குருத்தெலும்பு. ஏம்மா?"

"ஒண்ணுமில்ல, வைய்யி."

இரண்டு டப்பாவும் மாதா படத்துக்குக் கீழே அலமாரியில் போய் உட்கார்ந்தன. ஈஸ்டருக்குப் பிறகு தொடரலாம். கடவுள் காரியம், நாற்பது நாளில் என்ன ஆகிவிடப்போகிறது?

மார்ச் இருபத்துநாலாம் தேதி திரும்பவும் செம்பூர். பிஸ்கட்டை நிறுத்தியதில் எடை ஒரு கிலோ குறைந்திருந்தது. மற்றபடி கால் அப்படியே. டாக்டர் முதுகில் கையை ஓட்டினார். உள்ளங்கை முழுக்க முடி.

"நாலு வாரத்துல முடியாவது கொஞ்சம் அடங்கியிருக்கணுமே. தெனமும் குடுக்கறீங்கல்ல?"

இருதயமேரிக்குப் பொய் வராது. சொல்லிவிட்டார். டாக்டர் சஃப்ரீன் நாற்காலியில் சாய்ந்துகொண்டார். அந்த வருடம் ரம்ஜானும் தவக்காலமும் ஒன்றாக வந்திருந்தன.

"அம்மா, நானும் காலைலேர்ந்து பச்சத் தண்ணி குடிக்கல. எங்க வீட்டுல ரெண்டு பூனை இருக்கு. ஒருநாள்கூட அதுக நோன்பு புடிச்சதில்ல. நான் நோன்பு தொறக்கறதுக்கு முன்னாடி அதுக ரெண்டு வேளை முடிச்சிரும்."

இருதயமேரி வீடு மாறப்போவதையும் டென்சிலின் நான்கு மாடியையும் சொன்னார்.

"எப்ப வீடு மாறணும்?"

"மே முப்பத்தொண்ணு."

டாக்டர் மேசைக் காலண்டரைத் திருப்பினார். "இன்னைக்கே ஆரம்பிச்சா ஒம்பது வாரத்துக்கு மேல கெடைக்கும். உங்க ஈஸ்டர் ஏப்ரல் இருபது. அப்ப ஆரம்பிச்சா ஆறு வாரம்கூட இல்ல. எனக்கு எட்டு வேணும். நான் வற்புறுத்தமாட்டேன். கணக்க மட்டும் சொல்லிட்டேன்."

திரும்பி வரும்போது ரிக்ஷாவில் குர்லா இருதயமேரியின் மடியில் தலை வைத்திருந்தான். அவர் பிரச்சினை கடவுள் இல்லை. சாமியாரிடம் கேட்டால், "மீன் சாப்பிடக் கூடாதென்று திருச்சபையே சொல்லவில்லையேம்மா" என்பார். போன வருடமே சொன்னார். பிரச்சினை ஞானசேகரன். குக்கர் போயிற்று, மீன் போயிற்று, ரேடியோ போயிற்று. மேல் வாசலில் உட்கார்ந்து தட்டுகிற அந்தத் தட்டுகூட இரண்டு வருடமாக இல்லை. இருதயமேரி அதைச் செய்து பார்த்ததே கிடையாது. அது ஞானசேகரனுடைய தட்டு. அந்த மனிதர் வீட்டில் வைத்துவிட்டுப்போன வழக்கங்களில் இன்னும் விடாமல் இருந்தது இது ஒன்றுதான்: குர்லாவும் நம்மோடு நோன்பு இருப்பான். இதையும் விட்டுவிட்டால் வீட்டில் அவருடையது என்று என்ன மிச்சம்?

எதிர்வீட்டுப் பேராச்சியிடம்தான் போய்ச் சொன்னார். பேராச்சிக்குத் திருநெல்வேலிப் பக்கம் ஊர். இருபத்தைந்து வருடமாக எதிரெதிர் வாசல். தரையோடு இருக்கிற வீடு. பேராச்சி முறுக்கு பிழிந்துகொண்டே கேட்டுக்கொண்டார்.

"ஏ மேரி, நாய் நோன்பு இருக்கட்டும்னு அண்ணாச்சி சொன்னாவ, சரி. நாய்ட்ட ஒரு வார்த்த கேட்டாவளா?"

"வெளையாடாதிய மைனி."

"நான் ஏன் வெளையாடுதேன்? அண்ணாச்சி இருந்து, இவன் ஏணில கால வச்சிட்டு எறங்குனதப் பாத்திருந்தா என்ன செஞ்சிருப்பாவ? அலமாரில வச்சுப் பூட்டியிருப்பாவளா?"

இருதயமேரி அழுதார். பேராச்சி முறுக்கு அச்சைக் கீழே வைக்கவில்லை.

"அழுது முடி. பெறகு அந்த டப்பாவ இங்க கொண்டா. ஒன் வீட்டுக்குள்ள கவிச்சி வரக் கூடாது, அவ்வளவுதான? எங்கிட்ட இருக்கட்டும். நான் குடுக்கேன். ஆனா செவ்வா வெள்ளி எங்க வீட்டுல ஆகாது, இப்பமே சொல்லிட்டேன்."

டாக்டரிடம் போனில் சொன்னபோது அந்தப் பக்கம் சிரிப்பு அடங்க நேரம் பிடித்தது. "வாரத்துல அஞ்சு நாளாவது போகுதே, போதும்."

இரண்டு நாள் கழித்து இருதயமேரி பரணிலிருந்து குக்கரை இறக்கினார். வாசிமின் கடைக்குப் போனார். வாசிம் இரண்டு வருடமாகப் பார்க்காதவரைப் பார்த்த மாதிரி எழுந்து நின்றார். "மேரி ஆன்ட்டி! குர்லா இருக்கானா?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் பாதங்களை எடுத்துப் பையில் போட ஆரம்பித்தார்.

குக்கர் பேராச்சியின் அடுப்பில் ஏறியது. இருதயமேரி உள்ளே போகவில்லை. வாசலுக்கு வெளியே முக்காலி போட்டு உட்கார்ந்து, அங்கிருந்தே சொன்னார்.

"மைனி, மஞ்ச இன்னும் கொஞ்சம் போடுங்க."

"போட்டாச்சு."

"அவரு ரெண்டு கரண்டி போடுவாரு."

"ரெண்டுதான் போட்டேன். கண்ணு இங்க வச்சிட்டா ஒக்காந்திருக்க?"

ஆறாவது விசிலில் வாசனை சந்துக்கு வந்தது. பட்டறையில் தைத்துக்கொண்டிருந்த பழைய ஆட்கள் இரண்டு பேர் மிஷினை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார்கள். ஞாயிற்றுக்கிழமை பன்னிரண்டு மணி ஆகிவிட்டது போலவும், இன்னும் சற்று நேரத்தில் மேலே ஏணிக் கைப்பிடி இரண்டு தடவை ஒலிக்கும் போலவும் இருந்தது இருதயமேரிக்கு. குர்லா மூக்கைத் தூக்கினான். எழுந்தான். பேராச்சியின் வாசலுக்குப் போகாமல், நேராக ஏணியடிக்குப் போய் மேலே பார்த்தபடி நின்றான்.

பேராச்சி வெளியே வந்து பார்த்துவிட்டு, முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். ஆவி அடித்தது என்றார்.

அதன்பிறகு வாரங்கள் ஓடின. இருதயமேரி சந்தின் பத்து வாசலுக்கும் போய், "இனி பிஸ்கட் போட்டா ஒங்க வாசல்ல நான் வந்து படுத்துக்கிடுவேன்" என்று சொல்லிவைத்தார். காலையும் மாலையும் தொண்ணூறடிச் சாலை முனை வரை மெதுவாக நடை. தினமும் விளக்கு வைக்கும் நேரத்துக்கு, டாக்டர் செய்த மாதிரி முதுகில் கையை ஓட்டி உள்ளங்கையைத் திருப்பிப் பார்ப்பார். குருத்தோலை ஞாயிறு வாரத்தில் கையில் ஒட்டும் முடி பாதியாகக் குறைந்தது. உயிர்ப்பு ஞாயிறு காலையில், முதல் துண்டை ஆறவைத்து எலும்பு நீக்கி ஏணியடிக்குக் கொண்டுபோனார். இந்த வருடம் நீ நோன்பு இருக்கவில்லை, ஆனாலும் தின்னு என்றார். மே மாதம் பிறந்தபோது ஜெனிக்கு வீடியோவில் உள்ளங்கையைக் காட்டி, "எண்ணிப் பாரு" என்றார். பதினொரு முடி. "அத்தே, போன்ல எப்படி எண்ணறது?" என்றாள் ஜெனி.

கால்தான் இழுபறி. ஏப்ரல் கடைசியில் நான்காவது தகடு. மே மாதம் ஐந்தாவது. அதற்கு மேல் போகவில்லை. ஐந்தாவதில் நின்று, மேலே கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு இறங்கிவிடுவான்.

"அஞ்சுலேயே நிக்கானே" என்றார் பேராச்சி.

"ஏணி வேற, படி வேற மைனி" என்றார் இருதயமேரி. அதைத் தனக்கே சொல்லிக்கொள்வது போல ஒரு நாளைக்கு மூன்று தடவை சொன்னார்.

அந்த வருடம் மழை முந்திக்கொண்டது. மே முப்பத்தொன்றாம் தேதி காலை நனைந்த தார்ப்பாய்க்குக் கீழே ஒரு டெம்போவில் கட்டில், அலமாரி, மாதா படம், கரிப்பிடித்த குக்கர் எல்லாம் ஏறின. குர்லா டிரைவருக்குப் பக்கத்தில் இருதயமேரியின் காலடியில் உட்கார்ந்தான். சந்தே வெளியே நின்றது. பேராச்சி மாத்திரை டப்பாக்களை ஒரு மஞ்சள் பையில் போட்டு ஜன்னல் வழியாக நீட்டினார். "செவ்வா வெள்ளியும் குடு இனி. அங்க யாரு கேக்கா?" என்றார். வாஷி பாலத்தைத் தாண்டும் வரை இருதயமேரி திரும்பிப் பார்க்கவில்லை. அதன்பிறகு பார்த்தார், கடற்கழியும் மழையும்தான் தெரிந்தன.

கோபர்கைரனேயில் டென்சிலின் கட்டடம் பழையது. மாடிக்குப் பதினெட்டுப் படிகள், நான்கு மாடிக்கு எழுபத்திரண்டு. இரும்புக் கைப்பிடி. டென்சில் அடுப்பைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு, "நான் ஒண்ணும் சொல்லமாட்டேன். நீங்க வாங்க" என்று சொல்லிவிட்டு முன்னால் ஏறினான்.

குர்லா முதல் மாடியை ஒரே மூச்சில் ஏறினான். இருதயமேரிக்கே மூச்சு வாங்கியது. இரண்டாவது மாடிக்கு நடுவில் ஒரு தடவை நின்றான். மூன்றாவது மாடிக்கு நான்கு தடவை. ஐம்பத்துநாலாவது படி முடிந்த இடத்தில் அப்படியே படுத்துவிட்டான். பின்னங்கால்கள் நடுங்கின. நாக்கு தரையைத் தொட்டது.

இருதயமேரி பக்கத்தில் உட்கார்ந்தார். அவருடைய முழங்காலும் அதையேதான் கேட்டுக்கொண்டிருந்தது. ஐந்து நிமிடம் போனது. "எந்திரி ராசா" என்றார். எழவில்லை. பையிலிருந்து இட்லியை எடுத்து நீட்டினார். முகர்ந்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டான். பத்து நிமிடம். டெம்போ டிரைவர் கட்டிலின் கால்களோடு அவர்களைத் தாண்டிப் போனார், திரும்பி வந்தார், மறுபடி போனார். மேலே கதவு திறக்கும் சத்தம். ஜெனியின் குரல், டென்சிலின் குரல். பிறகு இரண்டும் அடங்கின. டென்சில் கைப்பிடிக்கு மேலே எட்டிப் பார்ப்பது இருதயமேரிக்குத் தெரிந்தது. அவர் நிமிர்ந்து பார்க்கவில்லை. பன்வேல் என்ற வார்த்தையை அவன் சொல்வதற்காகக் காத்திருந்தார்.

டங், டங்.

இரும்பின் அதிர்வு கைப்பிடி வழியாக இறங்கி, அதில் சாய்ந்திருந்த அவர் தோளுக்கு வந்தது. மேலே டென்சில் படியில் உட்கார்ந்திருந்தான். கல்யாண மோதிரம் கைப்பிடியில் இருந்தது.

குர்லாவின் தெருநாய்க் காதுகள் இரண்டும் நிமிர்ந்தன. தலையைத் தூக்கினான். முன்னங்கால்கள் எழுந்தன. பின்னங்கால்கள் ஒரு தடவை வழுக்கி, மறுபடி ஊன்றி எழுந்தன. இருதயமேரி வாய்க்குள் எண்ணினார். ஒன்று, இரண்டு, மூன்று. ஒன்பதில் நின்றான். ஏணி முடிகிற இடம். அதோடு விட்டுவிடுவானோ? குர்லா மேலே பார்த்தான். பத்தாவதில் கால் வைத்தான். அதன்பிறகு எண்ணவில்லை அவர். நகங்கள் படியில் உரசும் சத்தத்தை மட்டும் கேட்டுக்கொண்டிருந்தார். கடைசியில் அந்தச் சத்தம் நின்றது. டென்சில் கத்தினான்.

"வந்துட்டான். சாலா, வந்துட்டான் பாரு!"

பிறகு ஜெனி: "இருங்க, இருங்க, நான் பாக்கறேன்." குர்லாவின் முதுகில் கையை ஓட்டியிருக்க வேண்டும். "பரவால்லையே. நாலே முடி." ஈரக் காலுக்கு ஒரு சாக்கு வேண்டும் என்று அவள் உள்ளே போகும் சத்தம்.

இருதயமேரி மூன்றாவது மாடியிலேயே உட்கார்ந்திருந்தார். அவருக்கு இன்னும் பதினெட்டுப் படிகள் இருந்தன. முழங்கால் வரமாட்டேன் என்றது. சிரிப்பும் வந்தது, கண்ணும் கலங்கியது. மஞ்சள் பையை மடியில் வைத்துக்கொண்டு அப்படியே இருந்தார்.

மேலேயிருந்து மறுபடி டங், டங்.

"யம்மா," என்றான் டென்சில், "இது ஒனக்கு."

இருதயமேரி கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு எழுந்தார்.